எட்டு வாரம் பின்னால்

அத்தியாயம் 11

இதை நான் சரியாகத்தான் நினைவில் வைத்திருக்கிறேனா என்று எனக்கே சந்தேகமாக இருக்கிறது. வியாழக்கிழமை என்பது உறுதி. மாசி பிறந்து ஐந்தாறு நாள் ஆகியிருந்தது. அழகி அக்கா தூக்குவாளியோடு என் கடைக்கு வந்தது எட்டு மணிக்கு என்பார் அப்பா. அண்ணி ஒன்பது என்பார். நான் அந்த நாளை மனதுக்குள் எத்தனையோ முறை ஓட்டிப் பார்த்துவிட்டேன். தேய்ந்துபோன இடங்களில் நானாக எதையாவது வைத்து நிரப்பியிருக்கலாம்.

போன வாரம் விட்ட இடம் இது: செவ்வாய்க்கிழமை மத்தியானச் சாப்பாட்டில் அப்பாவுக்கும் அண்ணன் ரகுநாத்துக்கும் சண்டை. அண்ணன் கடலுக்குப் போகிற நாளில் சாயங்காலம் ஐந்து மணி ஆனால், எல்லைப் பக்கம் போகாதே என்று சொல்ல அப்பா வயர்லெஸ்ஸை எடுத்துவிடுவார்.

"'இங்கிட்டுத் திரும்புடா, இங்கிட்டுத் திரும்புடா'ன்னு நீங்க கத்துறத அத்தன படகுலயும் கேக்குறாங்கப்பா. என்னை வச்சுச் சிரிக்கிறாங்க. அதான் கலை கடையில புள்ளி தெரியுதுல்ல? அதப் பாத்துக்கங்க" என்றான் அண்ணன், என்னைக் காட்டி.

அப்பா சோற்றைப் பிசைந்துகொண்டே "சரி" என்றார். அவர் அவ்வளவு சுலபமாகச் சரி என்று சொல்லி நான் கேட்டதில்லை.

புதன்கிழமை விடிந்ததும் அண்ணன், இருளாண்டி அண்ணனையும் இன்னும் இரண்டு பேரையும் ஏற்றிக்கொண்டு கடலுக்குப் போனான்.

அந்தப் புள்ளியைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

ஜெகதாப்பட்டினத்தில் பன்னிரண்டு விசைப்படகுக்காரர்கள் சங்கமாகச் சேர்ந்து, ஐந்து வருடம் முன்பு ஒரு சின்னக் கம்பெனியை வைத்துப் படகுகளில் கருவி மாட்டினார்கள். படகு எங்கே இருக்கிறது என்பது ஒரு இணையப் பக்கத்தில் தெரியும். நீலத்தில் கடல், மஞ்சளில் இரு நாட்டுக் கடல் எல்லைக்கோடு, சிவப்பில் பன்னிரண்டு புள்ளிகள். ஏழாம் எண் எங்கள் படகு. துறைமுகச் சாலையில் நான் வைத்திருக்கும் கம்ப்யூட்டர் கடையில்தான் அதைப் பார்க்க வருவார்கள், பெரும்பாலும் பெண்கள். மஞ்சள் கோட்டுக்கு இந்தப் பக்கம் புள்ளி இருந்தால் முகத்தில் ஒரு தெளிவோடு சமைக்கப் போவார்கள்.

அந்த இணையப் பக்கம் பிளாஷில் ஓடியது. பிரவுசருக்குள் படமும் விளையாட்டும் ஓட வைக்கிற ஒரு சின்னப் புரோகிராம் அது. நான் கல்லூரியில் படித்தபோது அதில் பட்டாம்பூச்சி பறக்கவிட்டுப் பரிசு வாங்கியிருக்கிறேன். பிறகு அதற்குக் கெட்ட காலம் வந்தது. ஓட்டை இருக்கிறது, வெளியாள் உள்ளே வரலாம், உடனே புதுப்பி என்று கேட்கும். புதுப்பித்த சூடு ஆறுவதற்குள் இன்னொரு ஓட்டை. பிரவுசர்கள் ஒவ்வொன்றாக அதைக் கைவிட்டன. கடைசியில் அதைச் செய்தவர்களே அதை நிறுத்த நாள் குறித்துவிட்டார்கள். கருவி மாட்டிய கம்பெனியை அதற்கு முன்பே மூடிவிட்டார்கள். பக்கத்தை வேறு முறையில் எழுதித் தர ஆள் இல்லை.

பொங்கலுக்கு இரண்டு நாள் இருந்தபோது, திரையில் சாம்பல் நிறக் கட்டம் ஒன்று வந்து நின்றது.

"என்னா டீச்சர், கடலயே காணோம்?" என்றார் அழகி அக்கா. ஒரு காலத்தில் நான் கம்ப்யூட்டர் வகுப்பு எடுத்ததால் எனக்கு அந்தப் பெயர்.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அந்தப் பார்வைக்கு நான் ஆசைப்பட்டேன் என்றுதான் இப்போது தோன்றுகிறது.

யாரோ ஒரு வீடியோவில் வழி சொல்லியிருந்தார்கள். பழைய பிளாஷைப் பெயர் தெரியாத ஒரு தளத்திலிருந்து இறக்கினேன். வைரஸ் தடுப்பு கத்தியது, அதை நிறுத்தினேன். பிறகு, கம்ப்யூட்டரின் தேதியைப் பின்னால் நகர்த்தினேன். குறித்த நாள் இன்னும் வரவில்லை என்று நம்பினால் பிளாஷ் ஓடும். நான் சரியாக எட்டு வாரம் பின்னால் வைத்தேன். சனி, திங்கள், புதன்தான் படகுகள் போகிற நாட்கள். கிழமை மாறினால் குழப்பம் வரும் என்று பார்த்துப் பார்த்துச் செய்தேன்.

கடல் திரும்பி வந்தது. பெண்கள் கைதட்டினார்கள்.

இனி வியாழக்கிழமை.

"என்னா டீச்சர், எங்க வீட்டு ஆளு கரைக்கு வந்துருச்சா, இல்ல நடுக்கடல்ல எறாகூடக் குடும்பம் நடத்துதா?"

அழகி அக்கா வாசலில் செருப்பை உதறிவிட்டு உள்ளே வந்தார். இருளாண்டி அண்ணனின் மனைவி. தூக்குவாளியில் இட்லி.

நான் திரையைப் பார்த்தேன். ஏழாம் புள்ளி, படகு கட்டும் ஜெட்டியில் இருந்தது.

"வந்தாச்சுக்கா. ஜெட்டியிலதான் நிக்குது, பாருங்க."

"நெசமாவா? ராத்திரியெல்லாம் கண்ணு துடிச்சுக்கிட்டே கெடந்துச்சு. சரி, ஆறுறதுக்குள்ள குடுத்துட்டு வாரேன்."

அவர் போன பிறகு நான் ஒரு விண்ணப்பம் தட்டினேன். யாருக்கு என்பது மறந்துவிட்டது.

திரும்பி வந்தபோது அவர் செருப்பைக் கழற்றவில்லை.

"வெளாட்டுக்கு ஒரு அளவு இல்லையா டீச்சர்?"

"என்னக்கா?"

"படகு எங்க?"

"ஜெட்டியில..."

"ஜெட்டியில எல்லாப் படகும் நிக்குது. எறா கொட்டுறாக, ஐஸ் ஒடைக்கிறாக. ஒங்க அண்ணன் படகத்தான் காணோம்."

மறுபடியும் திரையைப் பார்த்தேன். புள்ளி அசையாமல் இருந்தது. விரலை அதன் மேல் வைத்தேன். வைத்தால் நிஜமாகிவிடும் என்பது போல.

"இருங்க. நான் போய்ப் பாக்குறேன்."

கடையிலிருந்து ஜெட்டி கூப்பிடு தூரம். அன்று அது நீண்டுகொண்டே போனது. புள்ளி ஜெட்டியின் வடக்குக் கோடியைக் காட்டியிருந்தது. அங்கே போய் நின்றேன். படகு இல்லை. கலங்கிய தண்ணீரில் டீசல் மினுங்கியது. ஒரு பிளாஸ்டிக் கூடை மிதந்து வந்து கல்லில் முட்டி, விலகி, மறுபடியும் முட்டியது.

தெற்குக் கோடியில் அப்பா நின்றுகொண்டிருந்தார். கைகளைப் பின்னால் கட்டியிருந்தார். நாகராசு அண்ணே என்று யாரோ கூப்பிட்டதற்கும் அவர் திரும்பவில்லை.

ஏன் அங்கே நிற்கிறார் என்று யோசித்தேன். படகு கட்டுகிற இடத்தில்தானே நிற்பார்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. அண்ணன் இப்போது படகைத் தெற்கில்தான் கட்டுகிறான். வடக்குப் பக்கம் படி உடைந்ததிலிருந்து, தை மாதம் முதல், அங்கேதான். வடக்கில் கட்டியதெல்லாம் மார்கழியோடு சரி.

மார்கழி.

 பயம் என்று நான் அதுவரை நினைத்திருந்தது வேறு எதுவோ. 

கடைக்கு ஓடினேன். திரையின் ஓரத்தில் தேதி இருந்தது. டிசம்பர் இருபத்து நான்கு, வியாழக்கிழமை. அன்று காலை அண்ணன் சீக்கிரம் கரைக்கு வந்தான். வடக்குக் கோடியில் கட்டினான். கம்ப்யூட்டர் பொய் சொல்லவில்லை. நான் எந்த நாளைக் கேட்டேனோ அந்த நாளைக் காட்டிக்கொண்டிருந்தது, ஐந்து வாரமாக.

தை மாதத்தில் ஒரு நாள் எல்லாப் படகும் கடலில் இருக்க, பன்னிரண்டு புள்ளிகளும் துறைமுகத்திலேயே கிடந்தன. சிக்னல் இல்லை என்று நான்தான் எல்லோருக்கும் சொன்னேன். எட்டு வாரம் முன்னால் அதே நாளில் புயல் எச்சரிக்கை. யாரும் கடலுக்குப் போகவில்லை. அன்றே புரிந்திருக்க வேண்டும். புரிந்துகொள்ள நான் விரும்பவில்லையோ என்னவோ.

அழகி அக்கா நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்.  அவரிடம் நான் இன்னும் சொல்லவில்லை.  

அப்பா வந்தார். பின்னாலேயே அண்ணி பிரகதீஸ்வரி, ஈரக் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே.

"மத்த படகுக்காரங்க யாருமே நேத்து சாயங்காலத்திலேருந்து அவனப் பாக்கலையாம். வயர்லெஸ்ல கூப்புட்டாலும் பதிலு வரல" என்றார் அப்பா. "புள்ளி எங்க காட்டுது?"

"அப்பா..."

"எங்கன்னு சொல்லு."

"புள்ளி தப்புப்பா. இது இன்னைக்குள்ளது இல்ல. எட்டு வாரத்துக்கு முந்தினது. தேதிய மாத்தி வச்சேன்ல, அதுலேருந்து எல்லாமே பழசு."

அவருக்கு உடனே புரியவில்லை. புரிந்தபோது அவர் முகத்தை நான் பார்க்கவில்லை, கீபோர்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"நேத்து அஞ்சு மணிக்கு நான் வந்து கேட்டேன்ல?"

"ஆமாப்பா."

"என்ன சொன்ன?"

"எல்லைக்கு எட்டு மைலு இங்கிட்டுன்னு."

"அத நம்பித்தான் நான் வயர்லெஸ்ஸத் தொடல."

அவ்வளவுதான் சொன்னார். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"அப்ப நாங்க இத்தன நாளா என்னத்தடி பாத்துக்கிட்டு இருந்தோம்?" அழகி அக்கா எழுந்தார். "செத்த கடலயா?"

அரவிந்த்குமாரின் எண் என்னிடம் இருந்தது. மூடிப்போன கம்பெனியில் அந்தப் பக்கத்தை எழுதிய பையன் அவன்தான். இப்போது புதுக்கோட்டை பேருந்து நிலையத்துக்கு எதிரே ஒரு மொபைல் கடையில் வேலை. போனை மேசையில் வைத்து, எல்லோருக்கும் கேட்கும்படி போட்டேன்.

"தேதியப் பின்னால வச்சீங்களா? ஐயோ அக்கா! இன்னைக்கு என்ன தேதின்னு அந்த வெப்பேஜ் உங்க கம்ப்யூட்டரத்தான் கேக்கும். அது சொல்ற நாளோட புள்ளியத்தான் எடுத்துக் குடுக்கும். நான்தான் அப்படி எழுதுனேன்."

"சரி தம்பி. இன்னைக்கு எங்க இருக்குன்னு பாக்க வழி இருக்கா?"

"தேதியச் சரி பண்ணா பிளாஷ் ஓடாது. படம் வராது. ஆனா சர்வர்ல நம்பர் வந்துக்கிட்டுத்தான் இருக்கும். நான் இங்கேருந்து உள்ள போயிப் படிக்கிறேன். எழுதிக்கங்க. கொஞ்சம் இருங்க."

அவன் கொஞ்சம் என்றது நீண்டது. போனில் பேருந்துகளின் ஹாரன் கேட்டது. யாரோ திருச்சி, திருச்சி என்று கூவினார்கள். அங்கே ஊர் வழக்கம்போல ஓடுகிறது என்பதே எனக்குத் தாங்கவில்லை.

"ஏழாம் நம்பர்தானே? நேத்து சாயங்காலம் அஞ்சு மணி. ஒன்பது டிகிரி அம்பத்திரண்டு. எழுபத்தொன்பது டிகிரி முப்பது."

நான் எழுதவில்லை. அப்பா கண்ணை மூடியிருந்தார். முப்பது வருடம் கடலில் இருந்தவர்; அவருக்குப் படம் தேவையில்லை.

"கோட்டு மேலயே நிக்கிறான்" என்றார். "மேல படி."

"ராத்திரி பதினோரு மணி. ஒன்பது அம்பது. எழுபத்தொன்பது முப்பத்தஞ்சு."

"அங்கிட்டுப் போயிட்டான்."

அண்ணி மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டார்.

"ஒரு மணியிலேருந்து நிக்காம நேரா கெழக்க போயிருக்கு ஐயா. ஒரே வேகம். வளையவே இல்ல. காலையில அஞ்சு மணியிலேருந்து ஒரே எடத்துல நிக்குது. இப்பவும் அங்கதான்."

"வல போட்டா வளைஞ்சு வளைஞ்சு போகும்" என்றார் அப்பா. "நேராப் போனா, நேவிக்காரங்க இழுத்துட்டுப் போறாங்கன்னு அர்த்தம்."

"அப்ப உசுரோட இருக்காகளா?" அழகி அக்கா போனைப் பார்த்துக் கேட்டார். "தம்பி, ஆளுக இருக்காகளா?"



"அம்மா, எனக்குப் படகு மட்டுந்தான் தெரியும்."

அழகி அக்கா தரையில் உட்கார்ந்துவிட்டார். தூக்குவாளி சரிந்தது. அண்ணி அதை எடுத்து மேசையில் வைத்தார். வைத்த கை அப்படியே நின்றது.

"மாமா" என்றார் அண்ணி, அப்பாவிடம். "நேத்து பன்னெண்டு மணிக்கு அவுக போன் பண்ணாக. டவர் போறதுக்கு முன்னாடி. 'கிட்டத்துல ஒண்ணும் இல்ல, இன்னைக்குக் கொஞ்சம் தள்ளிப் போறேன், அப்பாகிட்டச் சொல்லாத'ன்னாக."

அப்பா திரும்பினார்.

"ஏன் ஆத்தா சொல்லல?"

"சாயங்காலம் கலைகிட்ட வந்து கேட்டேன். இங்கிட்டுத்தான் இருக்குன்னுச்சு. அவுக சும்மா வாய்ச்சவடால் விட்டாகன்னு நெனச்சேன். அவுக சொன்னத விட்டுட்டு இதத்தானே மாமா நம்புனேன்."

கட்டிய கணவன் சொன்னதைவிட என் கடைத் திரையை நம்பியிருக்கிறார். நான் அண்ணியைத் தொட்டேன். அவர் விலகவும் இல்லை, சாயவும் இல்லை.

"அக்கா" என்றது போன். அவன் இன்னும் இருந்தான். "ஸ்பீக்கர ஆஃப் பண்ணுங்க. உங்ககிட்ட மட்டும் ஒண்ணு கேக்கணும்."

போனைக் காதில் வைத்துக்கொண்டு வாசலுக்குப் போனேன்.

"சங்கத்து பாஸ்வேர்ட யாருக்காச்சும் குடுத்தீங்களா?"

"இல்லையே. என்கிட்ட மட்டுந்தான் இருக்கு."

"உங்க கடையிலேருந்து பாக்குறது தெரியுது. அது போக, வேற ஒரு எடத்துலேருந்தும் அதே பாஸ்வேர்டுல வந்து பாக்குறாங்க. திங்க, புதன், சனி. படகு போற நாள் மட்டும். பொங்கலுக்கு முந்தின நாள் ஆரம்பிச்சிருக்கு."

பொங்கலுக்கு இரண்டு நாள் முன்னால்தான் நான் அந்தத் தளத்திலிருந்து பிளாஷை இறக்கினேன்.

"அதுகூடவே வேற என்னத்தையோ சேத்து இறக்கியிருக்கீங்க அக்கா. நீங்க தட்டுறதெல்லாம் அவனுக்குப் போயிருக்கும். மொதல்ல அந்தக் கம்ப்யூட்டரோட நெட்டப் புடுங்குங்க."

"யாரு தம்பி அது?"

"தெரியாது. எந்த ஊருன்னும் சொல்ல முடியல. ஆனா அவன் உங்கள மாதிரிப் படத்தப் பாக்கல, நம்பரத்தான் எடுக்குறான். அதனால அவனுக்கு வர்றது அன்னன்னைக்கு உள்ள எடம்."

ஒயரைப் பிடுங்கினேன். பிடுங்கிய பிறகும் கையில் வைத்திருந்தேன். பன்னிரண்டு படகும் எங்கே நிற்கின்றன என்பது இத்தனை நாளும் ஒருவருக்குத் தெரிந்திருக்கிறது. பெற்றவருக்கும் கட்டியவளுக்கும் தெரியவில்லை; யாரோ ஒருவனுக்குத் தெரிந்திருக்கிறது. பக்கத்து ஐஸ் கம்பெனி வாசலில் லோடுமேன்கள் டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். அவர்களில் ஒருவர் என்னைப் பார்த்துத் தலையாட்டினார். தினமும் தலையாட்டுகிறவர்தான். நான் உள்ளே வந்து கதவைப் பாதி சாத்தினேன்.

"இன்னும் என்னவாம்?" என்றார் அப்பா.

ஒன்றுமில்லை என்று சொல்ல வாய் எடுத்தேன். மறைத்து வைத்ததால் அன்று நடந்ததெல்லாம் எதிரிலேயே உட்கார்ந்திருந்தது. சொன்னேன்.

அப்பா வேட்டியை மடித்துக் கட்டினார். "நாளன்னைக்குச் சனிக்கெழம. பன்னெண்டு வீட்டுக்கும் சொல்லியாகணும். நான் சங்கத்துக்குப் போறேன். வீட்டுப் பொம்பளைககிட்ட நீயே போய்ச் சொல்லு."

"நானா?"

"நீதானே புள்ளி காட்டுன?"

மீதி பதினொரு வீடு. நான் நடந்தேன். அண்ணி கூடவே வந்தார். சிலர் புரியாமல் பரவாயில்லை என்றார்கள். ஒரு வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டார்கள். இன்னொரு வீட்டில், கைக்குழந்தையோடு இருந்த ஒரு பெண், "அப்ப தை மாசம் இவுகளும் கோட்டத் தாண்டித்தான் போனாகளா?" என்று கேட்டாள். எனக்குத் தெரியாது என்றேன். அவள் குழந்தையை இன்னொரு தோளுக்கு மாற்றிக்கொண்டாள்.

எட்டாவது வீட்டில் இருந்தபோது அப்பாவிடமிருந்து போன் வந்தது. மணி மூன்று இருக்கும். சங்கத்துக்குத் தகவல் வந்துவிட்டது: எல்லை தாண்டியதாக ஒரு படகும் நான்கு பேரும் அந்தப் பக்கத்துக் கடற்படையிடம் பிடிபட்டிருக்கிறார்கள். நான்கு பேரும் உயிரோடு இருக்கிறார்கள்.

"நாலு பேருமா?" என்று கேட்டேன். அப்பா மூன்று முறை சொன்னார். அண்ணி அந்த வீட்டுச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்தார். ஒரு சொம்பு தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்கள். பாதியை அவர் குடித்தார், பாதியை நான் குடித்தேன். பிறகு ஒன்பதாவது வீட்டுக்குப் போனோம்.

சங்கத்துக் கணக்கின் பாஸ்வேர்டை அரவிந்த்குமார் அன்றே மாற்றிவிட்டான். சனிக்கிழமை மத்தியானம் கூப்பிட்டான். அந்த ஆள் பழைய பாஸ்வேர்டை நான்கு முறை போட்டுப் பார்த்திருக்கிறான். ஐந்தாவது முறை வேறு ஒரு வார்த்தையைப் போட்டிருக்கிறான். என்ன வார்த்தை என்று கேட்டேன். 'கலைமதி' என்றான். என் கடையின் பலகையில்கூட என் முழுப் பெயர் இல்லை.

ரகுநாத்தும் இருளாண்டி அண்ணனும் மற்ற இருவரும் முப்பத்தொரு நாள் சிறையில் இருந்துவிட்டு விமானத்தில் திரும்பி வந்தார்கள். படகு வரவில்லை. அண்ணன் இப்போது வேறொருவர் படகில் டிரைவராகப் போகிறான். இருளாண்டி அண்ணன் கடலுக்குப் போவதில்லை. கட்டுமாவடியில் மீன் ஏலக் கடையில் இருக்கிறார். அழகி அக்கா என்னோடு பேசுகிறார், டீச்சர் என்று கூப்பிடுவதில்லை. அண்ணி அந்தப் பன்னிரண்டு மணிப் போனைப் பற்றி அண்ணனிடம் சொல்லிவிட்டார். என்ன பேசிக்கொண்டார்கள் என்று எனக்குத் தெரியாது. அப்பாவுக்குச் சர்க்கரை கூடிவிட்டது. அரவிந்த்குமார் வேலை கிடைத்துக் கோயம்புத்தூர் போய்விட்டான். நான் கடையை மூடவில்லை. சனிக்கிழமை அவன் சொன்ன அந்த ஐந்தாவது வார்த்தையை மட்டும் வீட்டில் இன்னும் யாரிடமும் சொல்லவில்லை.